அத்தை புஞ்சையில் முளைத்த எங்கள் கம்பு

தலையில் சோற்றுப் பானை, கையில் குழம்புத் தூக்கு. ஓடையைத் தாண்டி மேட்டில் ஏறினால் எங்கள் புஞ்சை. ஏறி நின்று பார்த்தேன். ஊரில் இருந்த ஏர் அத்தனையும் வரிசையாகப் போய்க்கொண்டிருந்தன. எழும்பிய புழுதியில் மாடுகளின் கால் தெரியவில்லை, கொம்பும் திமிலும்தான் தெரிந்தன. யாரோ மாட்டை அதட்டினார்கள், யாரோ சிரித்தார்கள். பார்க்கப் பார்க்க எனக்குச் சந்தோஷமாக இருந்தது.

அந்தச் சந்தோஷம் கொஞ்ச நேரம்தான். பானையை இறக்காமலே, "எம்மா, இவிய எங்கன உழுதாவ?" என்று கேட்டேன்.

பின்னால் தண்ணீர்க் குடத்தோடு வந்த அம்மா, நெற்றியில் கையை வைத்து வெயிலை மறைத்துக்கொண்டு பார்த்தாள். "ஆத்தாடி!" என்றாள். குடத்தைக் கீழே வைத்துவிட்டு அங்கேயே உட்கார்ந்துவிட்டாள்.

எங்கள் புஞ்சையில் ஒரு ஏர்கூட இல்லை. எல்லாம் வெள்ளத்தாய் அத்தையின் புஞ்சையில் ஓடிக்கொண்டிருந்தன.

வெள்ளத்தாய் அத்தை, அப்பாவின் கூடப்பிறந்த அக்கா. ஒரே ஊரில்தான் வாக்கப்பட்டிருந்தாள். இரண்டு புஞ்சையும் ஒட்டிக் கிடந்தன. ஆனால் இரண்டு வீட்டுக்கும் பேச்சுவார்த்தை நின்று பல வருஷம் ஆகியிருந்தது. அந்த அத்தையின் மண்ணில், எங்கள் வீட்டில் இருந்த விதை முழுவதையும் ஊரே கூடி விதைத்துக்கொண்டிருந்தது.

சம்பந்தி கோபம்

போன வாரம் இந்தப் பத்தியில் சம்பந்தி வீட்டுக் காபியைப் பற்றி இரண்டு வரி எழுதப்போக, சம்பந்தியம்மா என்னோடு இன்னும் பேசவில்லை. போன் செய்தால் மூத்த மருமகன் எடுத்து, "அம்மா குளிச்சிட்டிருக்காங்க" என்கிறார். ஐந்து நாளாக ஒரு மனுஷி குளிக்க முடியுமா? பரவாயில்லை. பேசாமல் இருப்பது என் குடும்பத்துக்கு ஒன்றும் புதிதில்லை. அதனால்தான் இந்த வாரம் அத்தை கதையைச் சொல்ல வந்தேன்.

இன்னொரு காரணமும் உண்டு. என் இளைய மகள் இப்போது பின்லாந்தில் இருக்கிறாள். வருஷத்தில் பாதி நாள் பனிக்குள் கிடக்கிற தேசம். அவள் குடியிருக்கிற வீட்டுக்குப் பக்கத்தில் ஒரு வயசான தம்பதி. அவர்கள் சின்ன வயசில் இருந்த கிராமத்தில், ஒரு வீட்டுக்காரனுக்குக் கையோ காலோ முடியாமல் போனால் ஊரே கூடிப் போய் அவன் புல்லை அறுத்துப் போட்டுவிட்டு வருமாம். கூலி கிடையாது. அந்த வீட்டில் சாப்பாடு மட்டும் உண்டாம். "நம்ம ஊர்லயும் இப்படி உண்டாம்மா?" என்று மகள் போனில் கேட்டாள்.

உண்டா என்றா கேட்கிறாள்! நான் கோவில்பட்டிக்கு வந்து டெலிபோன் ஆபீசில் வேலை பார்த்து, ரிட்டையராகி, இங்கேயே வீடும் கட்டிவிட்டதால், அம்மா கிராமத்தைப் பார்த்ததே இல்லை என்று நினைத்துவிட்டாள் போலிருக்கிறது. "உண்டு. ஆனா எங்க ஊருல வெதச்சது வேற பிஞ்சையில" என்றேன். அவளுக்குப் புரியவில்லை. உங்களுக்காவது புரியும்படி சொல்கிறேன்.

வெடிப்பு

எங்கள் ஊர் பசுவந்தனையில் இருந்து உள்ளே தள்ளி இருக்கிறது. கரிசல் காடு. வானம் பார்த்த பூமி. கோடை முழுக்கக் காய்ந்து கிடக்கிற மண் பாளம் பாளமாக வெடித்துவிடும். ஆள் முழங்கால் வரைக்கும் உள்ளே போகிற வெடிப்பெல்லாம் உண்டு. சின்னப் பிள்ளையில் என்னுடைய ஒரு கால் கொலுசு அப்படி ஒரு வெடிப்புக்குள் போனதுதான். இன்னும் அங்கேதான் கிடக்கும்.

அந்த வருஷம் ஒரு வெடிப்பு அப்பாவின் காலைப் பிடித்துவிட்டது. கோடை உழவெல்லாம் முடிந்து, புழுதி எப்படி இருக்கிறது என்று பார்த்துவரப் போனவர், ஓடைக்கரையில் கால் வைத்தார், கால் உள்ளே போய்விட்டது, மனுஷன் வெளியே விழுந்தார். முழங்காலுக்குக் கீழே எலும்பு முறிந்துவிட்டது. வைத்தியர் மூங்கில் பத்தை வைத்துக் கட்டி, "ரெண்டு மாசம் கட்டிலை விட்டு எறங்கப்பிடாது" என்று சொல்லிவிட்டுப் போனார்.

எங்கள் பக்கம் விதைப்பு மழைக்கு முந்தியே நடக்கும். மழை பெய்த பிறகு கரிசலுக்குள் மாடும் இறங்க முடியாது, மனுஷனும் இறங்க முடியாது. அதனால் காய்ந்த புழுதியிலேயே விதையைத் தூவி, மேலே ஒரு உழவு போட்டு மூடிவிட்டு, மழைக்காகக் காத்திருக்க வேண்டும். புரட்டாசி முடியப்போகிறது. ஊரில் எல்லோரும் விதைத்துவிட்டார்கள். எங்கள் புஞ்சையும், ஒட்டிக் கிடந்த அத்தை புஞ்சையும்தான் வெறுமனே கிடந்தன. எங்கள் புஞ்சையை நம்பித்தான் வீட்டில் ஒரு வருஷச் சோறு. அப்பா கட்டிலில் படுத்துக்கொண்டு கூரையையும் வானத்தையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

இந்த மாதிரி நேரத்தில் யாரும் யாரிடமும் போய்க் கேட்க வேண்டியதில்லை. அழகிரி மாமா ஒருநாள் வந்து வாசலில் நின்றார். எங்கள் ஊரில் அதிக நிலபுலம் உள்ள சம்சாரி அவர். எங்களோடு தமிழில் பேசுவார், வீட்டிலும் மாட்டிடமும் தெலுங்குதான். "முத்தையா, நாளைக்குக் காலையில ஏர் கொண்டு வாரோம். வெதய எடுத்து வையி" என்று சொல்லிவிட்டுப் போனார். அவ்வளவுதான் பேச்சு. மறுநாள் விடிய ஊர் ஏரெல்லாம் வந்துவிடும். அந்த வீட்டுக்காரர்கள் வயிறு நிறையச் சோறு போட வேண்டும்.

அம்மாவும் நானும் விடியும் முன்னாடியே அடுப்பில் உட்கார்ந்துவிட்டோம். குதிரைவாலிச் சோறு, கருவாட்டுக் குழம்பு, கானத் துவையல். அப்போது எனக்குப் பத்தொன்பது வயசு. கானம் என்றால் கொள்ளு. அதை வறுத்து அம்மியில் வைத்து அரைத்தால் தெருவே மணக்கும். இன்றைக்கும் மிக்ஸியில் அரைத்துப் பார்க்கிறேன், அந்த மணம் வர மாட்டேன் என்கிறது. நான் அரைக்கிற லட்சணமாகவும் இருக்கலாம்.

ஊரில் ஒரு ஏர் மட்டும் அன்றைக்கு வரவில்லை. அது அத்தை வீட்டு ஏர். முந்தின நாள் சாயங்காலமே அத்தை தன் மகன் சீனியையும் கூட்டிக்கொண்டு, ஓட்டப்பிடாரத்தில் கட்டிக்கொடுத்திருந்த மகள் வீட்டுக்கு பஸ் ஏறிவிட்டாள். ஊரில் இருந்தால் ஏர் அனுப்ப வேண்டும். அனுப்பாவிட்டால் ஊர் பேசும். அனுப்பினால் அவளுடைய வைராக்கியம் என்ன ஆவது? ஊரிலேயே இல்லாமல் போய்விட்டால் வம்பே இல்லை. அத்தைக்கு மூளை அதிகம்.

ஒரு காதுகுத்து

அந்த வைராக்கியத்தின் கதையையும் சொல்லிவிட வேண்டும். சீனிக்கும் எனக்கும் ஒரே வயசு. அவனுக்குக் காது குத்தியது நான் சின்னப் பிள்ளையாக இருந்தபோது. அத்தை புருஷன் வீட்டுக் குலசாமி கோயில் எட்டயபுரத்துக்குப் பக்கத்தில், காட்டுக்குள் இருந்தது. தாய்மாமன் மடியில் பிள்ளையை உட்கார வைத்துத்தான் காது குத்த வேண்டும். தாய்மாமன் என்றால் எங்கள் அப்பாதான். அத்தைக்கு வேறு தம்பி கிடையாது.

பலகாரப் பெட்டி, கம்மல், புதுத்துணி எல்லாம் வண்டியில் ஏற்றிக்கொண்டு நாங்கள் கிளம்பினோம். ஆவணி மாசம். பெய்ய வேண்டாத நேரத்தில் முந்தின ராத்திரி அந்தப் பக்கம் ஒரு மழை பெய்திருந்தது. வழியில் ஓர் ஓடை. வண்டி அதில் இறங்கியதுதான் தெரியும், சக்கரம் அச்சு வரைக்கும் முங்கிவிட்டது. கரிசல் சகதியில் மாட்டிய வண்டியைத் தள்ளியவர்களுக்குத்தான் அது தெரியும். அப்பா இழுக்கிறார், அம்மா தள்ளுகிறாள், நான் பெட்டி மேல் உட்கார்ந்து அதிரசம் தின்கிறேன். எனக்கு அன்றைக்கு நல்ல பொழுதுதான்.

உடம்பெல்லாம் சகதியோடு நாங்கள் போய்ச் சேர்ந்தபோது நல்ல நேரம் முடிந்துவிட்டிருந்தது. அத்தைக்கு ஒன்றுவிட்ட தம்பி முறையாகும் ஒருவர் மடியில் சீனி காது குத்திக்கொண்டு அழுதுகொண்டிருந்தான். அப்பா அதைப் பார்த்தார். சீர்த் தாம்பாளத்தைச் சாமி முன்னால் வைத்தார். ஒரு வார்த்தை பேசாமல், கை நனைக்காமல், எங்களைக் கூட்டிக்கொண்டு திரும்பிவிட்டார்.

"எனக்காக செத்த நேரம் காத்திருக்கக் கூடாதா?" இது அப்பாவின் கோபம். "எம்பிள்ளை விசேஷத்துல ஒரு வாய் சாப்பிடாமப் போனானே" இது அத்தையின் கோபம். இரண்டும் நியாயமான கோபம்தான். நியாயமான கோபம்தான் சீக்கிரம் தீராது.

எங்கள் ஊரில் பேச்சுவார்த்தை இல்லை என்றால் பேசவே மாட்டார்கள் என்று அர்த்தமில்லை. நேராகப் பேச மாட்டார்கள், அவ்வளவுதான். பக்கத்தில் நிற்கிற மாட்டிடம், ஆட்டிடம், அதுவும் இல்லையென்றால் என்னிடம் சொல்வார்கள். எங்கள் மாடு அத்தையின் பருத்தியில் வாய் வைத்துவிட்டால், "ஏ மாடே, ஒனக்கு வீட்டுல கூளம் போடலையா? ஒன்ன வளக்கவியளுக்குக் கண்ணு இல்லையா?" என்று அத்தை மாட்டிடம் சத்தமாகக் கேட்பாள். அப்பாவும் அதே மாட்டிடம், "ஒரு வாய் தின்னதுக்கா இம்புட்டுச் சத்தம்னு கேளு" என்பார். மாடு பாவம், நடுவில் நின்று அசைபோடும்.

ஈசானி மூலை

இப்போது மேட்டுக்கு வருவோம். அம்மாவை அங்கேயே விட்டுவிட்டு நான் ஓடினேன்.

விதைப்பை வடகிழக்கு மூலையில் தொடங்குவது எங்கள் பக்கத்து வழக்கம். ஈசானி மூலை என்பார்கள். முதல் கை விதையை அங்கேதான் போட வேண்டும். அழகிரி மாமாவுக்கு நல்ல கைவாக்கு என்று ஊரில் பெயர். அதனால் விதைப் பெட்டியை அவரிடம்தான் கொடுத்திருந்தோம். அவர் முன்னால் தூவிக்கொண்டே போக, ஏர்கள் பின்னால் மூடிக்கொண்டே வந்தன.

"மாமா, இது அத்தை பிஞ்சைல்லா?" என்றேன், மூச்சு வாங்க.

"என்ன தாயி சொல்லுத? அந்தா நிக்குதுல்லா ஈசானி மூலைக் கல்லு. அங்கன இருந்துதான ஆரம்பிச்சேன்."

"அது அத்தை கல்லு மாமா."

அழகிரி மாமா வடக்கே பார்த்தார், தெற்கே பார்த்தார். "அப்ப உங்க கல்லு எங்க?"

அதுதான் கேள்வி. இரண்டு புஞ்சையும் ஒரு காலத்தில் ஒரே புஞ்சை. அத்தை கல்யாணத்தின்போது வடபாதியைப் பிரித்து அவளுக்கு மஞ்சள்காணியாகக் கொடுத்தார்கள். பெண்ணுக்குப் பிறந்த வீட்டில் கொடுக்கிற நிலத்தை அப்படித்தான் சொல்வோம். நடுவில் வரப்பும் கிடையாது, பாதையும் கிடையாது. ஒரே ஒரு கல்தான் எல்லை. ஏர்களை எல்லாம் நிறுத்திவிட்டு எல்லோரும் அந்தக் கல்லைத் தேடினார்கள். கடைசியில் ஒருவர் ஒரு வெடிப்பு ஓரத்தில் குப்புறப் படுத்து, தோள் வரைக்கும் கையை உள்ளே விட்டு, "இங்கன கெடக்கு" என்றார். அப்பாவின் காலைப் பிடித்த மாதிரியே கல்லையும் பிடித்து உள்ளே இழுத்துக்கொண்டிருந்தது எங்கள் மண்.

கல் இல்லாததால் அழகிரி மாமா கண்ணில் பட்ட அடுத்த கல்லுக்குப் போயிருக்கிறார். அங்கே தொடங்கித் தெற்கே வந்திருக்கிறார். நான் போய்ச் சேர்வதற்குள், எங்கள் புஞ்சை தொடங்குகிற இடத்தில் பெட்டியும் காலியாகியிருந்தது. இரண்டும் ஒரே அளவு நிலம். கணக்கு அவ்வளவு சரியாக வந்ததால் ஒருவருக்கும் சந்தேகமே வரவில்லை.

"திருப்பி எடுத்துருவமா?" என்றான் ஓர் இளவட்டம்.

"என்னத்தலே எடுப்ப? கம்பையா? பொறுக்கு. இங்கன இருந்து பொறுக்கிக்கிட்டே போ. தைப் பொங்கலுக்கு முடிச்சிரலாம்" என்றார் அழகிரி மாமா. சொல்லிவிட்டுத் தலைத்துண்டை அவிழ்த்து முகத்தை மூடிக்கொண்டு உட்கார்ந்துவிட்டார்.

எல்லோருக்கும் மனசு கெட்டுப்போயிற்று. ஆனால் அந்த வருத்தத்திலும் யாரும் மறுசோறு வேண்டாம் என்று சொல்லவில்லை என்பதை இங்கே பதிவு செய்கிறேன். பானையை வழித்துத்தான் கவிழ்த்தேன்.

யார் போய்ச் சொல்வது

அப்பாவிடம் சொன்னேன்.

"அவ பிஞ்சையிலயா?"

"ஆமாப்பா."

"மொத்தமுமா?"

"பெட்டியத் தட்டிப் போட்டுட்டாவ."

அப்பா கொஞ்ச நேரம் கண்ணை மூடிக்கொண்டார். "போகட்டும். அவ வாசல்ல போயி நான் நிக்க மாட்டேன்" என்றார்.

"நிக்கதுக்கு மொதல்ல ஒங்களுக்குக் காலு வேணும்லா" என்றாள் அம்மா. அவளுக்கு அழுகையும் கோபமும் சேர்ந்து வந்திருந்தன. சும்மாவா? ஊரில் எல்லோரும் விதைத்து முடித்த நேரம். எந்த வீட்டுத் தானியக் குலுக்கையிலும் ஒரு படி விதை மிச்சமில்லை. ஊரிலேயே விதை இருக்கிற ஒரே வீடு, இன்னும் விதைக்காத அத்தை வீடுதான். அத்தை மனசு வைக்காவிட்டால் எங்கள் புஞ்சை அந்த வருஷம் தரிசு. அதைவிடப் பெரிய பயம் ஒன்றும் இருந்தது. அத்தை ஏரைப் பூட்டி, தன் புஞ்சையில் கிடக்கிற எங்கள் விதையை மேலே கிளறிப் போட்டுவிட்டால், குருவிகளுக்குத்தான் விருந்து. யாருக்கும் இல்லாமல் போய்விடும்.

சாயங்கால பஸ்ஸில் அத்தை வந்து இறங்கினாள். சொல்லப் போக ஒருவரும் முன்வரவில்லை. காலையில் ஏர் பிடித்த அத்தனை பேரும் எங்கள் வீட்டு வாசலில் உட்கார்ந்து ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டிருந்தார்கள். கடைசியில் அழகிரி மாமாதான் எழுந்தார். போனவர் வெகு சீக்கிரத்தில் திரும்பிவிட்டார்.

"என்ன சொன்னா?" என்று எல்லோரும் கேட்டார்கள்.

"முழுசாக் கேட்டா. காலையில பாப்போம்னா. கதவச் சாத்திட்டா."

மாட்டிடம் சொன்ன சேதி

மறுநாள் காலையில் தெற்கே மேகம் கட்டியிருந்தது. நான் பொறுக்க முடியாமல் புஞ்சைக்குப் போனேன். அத்தை எனக்கு முந்தியே அங்கே நின்றாள். பக்கத்தில் சீனி, ஏர் பூட்டிய மாட்டோடு.

ஏரைப் பார்த்ததும், கிளறித்தான் போடப்போகிறாள் என்று முடிவே செய்துவிட்டேன். ஓடிப்போய் மாட்டுக்கு முன்னால் நின்றேன்.

"அத்தை, வேண்டாம் அத்தை. வெத அத்தை அது. அழிக்காதிய."

அத்தை என்னைப் பார்க்கவில்லை. மாட்டின் நெற்றியைத் தடவிக்கொண்டே அதனிடம் பேசினாள். "ஏ மாடே, யாரோ வழியில நிக்காவ பாரு. வெதச்ச மண்ணு மேல மிதிச்சிக்கிட்டு நிக்காவ. ஓரமா வரச் சொல்லு."

அப்போதுதான் கவனித்தேன். அத்தையும் சீனியும் மாடும் விதைத்த மண்ணில் கால் படாமல் புஞ்சை ஓரமாகவே நின்றிருந்தார்கள். நான் ஒருத்திதான் எங்கள் விதை மேலேயே ஏறி நின்று சண்டை போட்டிருக்கிறேன்.

அத்தை ஓரத்தோடு ஓரமாக நடந்து, எங்கள் புஞ்சைக்கு வந்தாள். கல் கிடந்த அந்த வெடிப்புக்குப் பக்கத்தில் நின்றாள். "இந்த ஊருல ஈசானி மூலை எதுன்னு ஒரு பயலுக்கும் தெரியல" என்று மாட்டிடம் சொன்னாள். சீனி சிரிப்பை அடக்கிக்கொண்டு, கலப்பையில் மாட்டியிருந்த ஓலைப்பெட்டியை எடுத்துக் கொடுத்தான். உள்ளே இருங்குச் சோளம். கருப்பாக, மினுமினு என்று, முத்து முத்தான விதைச் சோளம்.

"எம்பிஞ்சைக்குன்னு எடுத்து வச்சிருந்தேன். அங்கனதான் எடமில்லாம ஊரே கூடி வெதச்சிட்டாவளே. பெறவு இத நான் எங்கன போடட்டும்?" இதையும் மாட்டிடம்தான் கேட்டாள். கேட்டுவிட்டுப் பிறந்த வீட்டு மண்ணைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டு, முதல் கை விதையை எங்கள் ஈசானி மூலையில் போட்டாள்.

நான் போய்ப் பெட்டியின் இன்னொரு பக்கத்தைப் பிடித்துக்கொண்டேன். கொஞ்ச நேரத்தில் தகவல் ஊருக்குள் போய், அழகிரி மாமாவும் இன்னும் இரண்டு மூன்று பேரும் ஏரோடு ஓடி வந்தார்கள். "இது முத்தையா பிஞ்சைதான? நல்லாத் தெரியுமா?" என்று என்னிடம் கேட்டு உறுதி செய்துகொண்ட பிறகுதான் மாமா மாட்டை இறக்கினார்.

நீங்கள் என்ன நினைக்கிறீர்கள் என்று எனக்குத் தெரியும். அத்தை மகன், முறை மாப்பிள்ளை, ஒரே வயசு, ஒரே புஞ்சை. அவசரப்படாதீர்கள். நான் சீனியைக் கட்டிக்கொள்ளவில்லை. அவன் தூங்கும்போது விடுகிற குறட்டை அந்தக் காலத்திலேயே ஊர்ப் பிரசித்தம். இப்போது அவன் மனைவிதான் அதைக் கேட்டுக்கொண்டிருக்கிறாள். எனக்கு நல்ல சிநேகிதி அவள்.

தை மாசம் என்ன ஆயிற்று என்பதையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். அத்தை புஞ்சையில் கம்பும் எங்கள் புஞ்சையில் சோளமும் ஆள் உயரத்துக்கு நின்றன. அவரவர் மண்ணில் விளைந்தது அவரவருக்கு என்று பேசி முடித்துக்கொண்டார்கள். அதில் ஒரே ஒரு கஷ்டம், அப்பாவுக்குச் சோளச் சோறு இறங்காது. வருஷம் முழுக்க அதையே தின்றார். அத்தை வீட்டுப் பக்கம் கம்பு இடிக்கிற சத்தம் கேட்டால் பெருமூச்சு விடுவார். இரக்கப்பட்டு அத்தை அவ்வப்போது ஒரு சட்டி கம்மங்கூழ் கொடுத்தனுப்புவாள். அந்தக் கல்லை நிமிர்த்தி நட்டுவைக்க வேண்டும் என்று இரண்டு பேருமே பல வருஷம் சொல்லிக்கொண்டிருந்தார்கள். ஒருவரும் நடவில்லை.

மழை வந்த மத்தியானம்

அத்தை விதை போட்ட அன்றைக்கு, கடைசி உழவுச் சால் ஓடிக்கொண்டிருக்கும்போதே மழை பிடித்துவிட்டது. சும்மா தூறல் இல்லை, சடசடவென்று. மாட்டை அவிழ்த்து ஓட்டிக்கொண்டு எல்லோரும் ஓடினோம். கரிசலில் மழை விழுந்தால் செருப்பில் அப்புகிற மண் ஒவ்வொரு எட்டுக்கும் ஒரு கனம் ஏறும். செருப்பைக் கையில் எடுத்தால் காலில் அப்பும். ஓடைக்கு இந்தப் பக்கம் முதல் வீடு எங்களுடையதுதான். அத்தை வீடு தெருக்கோடி.

அத்தை எங்கள் கூரை இறவாரத்தில் ஒதுங்கி, முக்காட்டைப் பிழிந்துகொண்டு நின்றாள். உள்ளே வரவில்லை. அம்மா வெளியே வந்தாள், அத்தை கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள். அம்மாவுக்கு அவ்வளவு பலம் உண்டு என்று அன்றைக்குத்தான் தெரிந்தது.

உள்ளே அப்பா கட்டிலில், காலில் மூங்கில் பத்தையோடு. அத்தை சுவர் ஓரமாக உட்கார்ந்தாள். நடுவில் மழைக்காக உள்ளே கட்டியிருந்த எங்கள் வெள்ளாடு. புகைந்துகொண்டிருந்த அடுப்பும், நனைந்த ஆட்டு வாடையும், புது மழை மண் வாசமும் சேர்ந்து வீட்டுக்குள் நிறைந்திருந்தன. அம்மா ஒரு தட்டில் சோறு போட்டு, முந்தின நாள் கருவாட்டுக் குழம்பைச் சுடவைத்து ஊற்றி, அத்தை முன்னால் வைத்தாள். பழைய குழம்புக்குத்தான் ருசி. அத்தை சோற்றைப் பிசைந்தாள்.

அப்பா ஆட்டைப் பார்த்துத் தொண்டையைச் செருமினார்.

"ஏ ஆடே. அன்னைக்குக் காதுகுத்துக்குப் போகையில வண்டி ஓடையில மாட்டிக்கிட்டு. வேணும்னு சொணங்கி வரலைன்னு சொல்லு."

அத்தையின் கை அப்படியே நின்றது. ஆட்டைப் பார்க்கவில்லை. என்னையும் பார்க்கவில்லை. நேராக அப்பாவைப் பார்த்தாள்.

"தெரியும்லே" என்றாள்.

அப்பா திடுக்கிட்டுத் தலையைத் தூக்கினார்.

"மறுநாளே அந்த ஓடைக்குப் போயிப் பாத்தேன். அச்சு முங்குன தடம் அப்படியே கெடந்துச்சு. நீ ஊன்றி ஊன்றி இழுத்த காலடியும் கெடந்துச்சு. ஐப்பசி மழை வரைக்கும் கல்லு மாரிக் காஞ்சு கெடந்துச்சு. அந்தப் பக்கம் போகும்போதெல்லாம் பாப்பேன்."

"தெரிஞ்சேவாக்கா இத்தன வருசம் பேசாம இருந்த?"

"நீ வந்து சொல்லுவேன்னு இருந்தேன்."

"நீ வந்து கேப்பேன்னு நான் இருந்தேங்க்கா" என்றார் அப்பா.

அம்மா கையில் இருந்த அகப்பையைத் தரையில் போட்டாள். "நல்லாருக்கு. இந்த ரெண்டு பேருக்கும் நடுவுல மாடும் நானும்தான் செத்தோம்" என்றாள். சொல்லிவிட்டு முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். எனக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. இரண்டையும் சேர்த்தே செய்தேன்.

அத்தை சிரிக்கவும் இல்லை, அழவும் இல்லை. தன் தட்டைத் தூக்கிக்கொண்டு எழுந்தாள். கட்டிலுக்குப் பக்கத்தில் போய்த் தரையில் உட்கார்ந்தாள். பிசைந்த சோற்றை ஒரு கவளம் உருட்டி அப்பாவின் உள்ளங்கையில் வைத்தாள்.

"ஏலே முத்தையா, அன்னைக்குத்தான் சாப்பிடாமப் போன. இன்னைக்கு எப்படிப் போறேன்னு பாக்கேன். சாப்பிடுலே."

காலில் கட்டோடு கிடக்கிற மனுஷன் எங்கே போவார்? சாப்பிட்டார்.